எதிராளி குழியிலும் விழுகிற காய்

பல்லாங்குழியில் குழிக்கு ஐந்தாக எழுபது புளியங்கொட்டைகளைப் போட்டுத் தொடங்குங்கள். உங்கள் வரிசையில் உள்ள ஏழு குழிகளில் எதை அள்ளினாலும் முதல் கையில் உங்களுக்குக் கிடைப்பது ஏழு காய்தான். கூடாது, குறையாது. நெடுங்காலம் ஆடியவர்களில் பலர் இதைக் கவனித்திருக்க மாட்டார்கள். காரைக்குடியில் மின்சாரம் போன ஒரு மழை மதியத்தில், தாளில் பதினான்கு வட்டம் போட்டு எண்ணிப் பார்த்தபோதுதான் எனக்கும் இது பிடிபட்டது.

உங்கள் இடக்கோடிக் குழியை எடுத்ததாக வைத்துக்கொள்வோம். அதிலுள்ள ஐந்தும் அடுத்த ஐந்து குழிகளில் ஒவ்வொன்றாக விழும். அதற்கு அடுத்தது உங்கள் வலக்கோடிக் குழி. அதை அள்ளினால் ஐந்து காயும் எதிராளியின் முதல் ஐந்து குழிகளுக்குப் போகும். அடுத்து அவருடைய ஆறாவது குழி. அதில் ஒன்று அவருடைய கடைசிக் குழியிலும் நான்கு உங்கள் பக்கத்திலும் விழும். இப்போது உங்கள் ஐந்தாவது குழியை அள்ள வேண்டும். அதில் ஆறு காய் இருக்கும். அதைப் போட்டு முடித்தால் எதிராளியின் ஐந்தாவது குழி, அதிலும் ஆறு. கடைசிக் காய் உங்கள் நான்காவது குழியில் வந்து விழும்போது அடுத்த குழி வெறுமையாகக் கிடக்கும். அந்த வெறுங்குழியைத் துடைத்துவிட்டு அதற்கும் அடுத்ததில் கை வைத்தால் ஏழு காய். எல்லாக் குழியிலும் ஒரே அளவு இருப்பதாலும் பலகை வட்டமாகவே ஓடுவதாலும் எங்கே தொடங்கினாலும் கதை இதுதான். குழிக்கு ஆறு வைத்தாலும் ஏழே கிடைக்கும், ஆனால் இரண்டு அள்ளலில் முடிந்துவிடும். பன்னிரண்டு வைத்தால் அத்தனை பாடும் பட்டுக் கிடைப்பது ஒரே ஒரு காய். (எதிர்க்குழியையும் சேர்த்து அள்ளும் வழக்கமுள்ள வீடுகளில் கணக்கு மாறும்.)

இந்த ஏழைவிட எனக்கு முக்கியமாகப் பட்டது வேறொரு எண். ஆட்டம் தொடங்கும்போது எதிராளியின் வரிசையில் 35 காய் இருந்தது. இடக்கோடியிலிருந்து தொடங்கிய அந்தக் கையில் நீங்கள் ஐந்து தடவை அள்ளி, 27 காய் போட்டு, ஏழை வென்று எழுந்தபிறகு அவர் வரிசையை எண்ணிப் பாருங்கள்: 36. நீங்கள் சம்பாதித்தீர்கள், அவர் ஒன்றும் இழக்கவில்லை. போதாக்குறைக்கு ஒன்று கூடவும் செய்திருக்கிறது. உங்கள் ஏழும் உங்கள் வரிசையிலிருந்தே வந்தது. எதிராளியின் நிலத்தில் விதைக்காமல் இந்த ஆட்டத்தில் யாரும் வெல்ல முடியாது.

இதையெல்லாம் எண்ணிப் பார்க்கத் தூண்டியது பல்லாங்குழியே இல்லை. அன்று நான் இருந்த வீட்டின் பட்டாலையில், ஆத்தங்குடிக் கல் பாவிய குளிர்ந்த தரையில் படுத்துக்கொண்டு பதின்மூன்று வயதுப் பெண் ஒருத்தி கையடக்கக் கருவியில் 'ரூன் ஃபேக்டரி 4' ஆடிக்கொண்டிருந்தாள். ஏறத்தாழ அவள் வயதே ஆன பழைய ஆட்டம். அவளுடைய அப்பத்தா எட்டிப் பார்த்தார்.

"என்னத்தா பண்ற?"

"வெதைக்கிறேன் அப்பத்தா."

"எதுக்க ஆடுறது யாரு?"

"எதுக்க யாரும் இல்ல. என் வயல், நான் மட்டுந்தான்."

"அப்ப யார ஜெயிப்ப?"

பேத்தி கொஞ்ச நேரம் யோசித்து, குகையில் அரக்கர்கள் இருக்கிறார்கள் என்றாள். அப்பத்தாவுக்கு அது பதிலாகப் படவில்லை.

வேளாண்மையை ஆட்டமாக்கும் இந்தத் துறைக்கு ஒரு தெளிவான தொடக்கம் உண்டு. 1996இல் ஜப்பானில் யசுஹிரோ வாடா 'ஹார்வெஸ்ட் மூன்' என்ற ஆட்டத்தைக் கொண்டுவந்தார். கியூஷு தீவின் நாட்டுப்புறத்தில் வளர்ந்து டோக்கியோவுக்குப் பிழைக்கப் போனவர் அவர். நகரத்தில் உட்கார்ந்துகொண்டு, விட்டுவந்த ஊரை நினைத்துச் செய்த ஆட்டம் அது. பத்தாண்டு கழித்து, 2006இல், அதன் கிளையாக 'ரூன் ஃபேக்டரி' வந்தது. பகலில் உழவு, இடையிடையே வாளெடுத்துக் குகைக்குள் சண்டை. நான்காம் பாகம் 2012இல் வெளியானது. அதில் வான்கப்பலிலிருந்து விழும் நாயகரை ஊரார் அரச வாரிசு என்று தவறாக எண்ணிவிடுகிறார்கள். அரண்மனையில் தங்க இடம் கிடைக்கிறது, கையில் கிடைப்பதோ மண்வெட்டி. இந்த ஆட்டத்தைச் செய்த நெவர்லாண்ட் நிறுவனம் 2013இல் நொடித்துப்போனது. ஆட்டம் நொடிக்கவில்லை. 2019இல் புதிய கருவிக்கு மாற்றி மறுபடி வெளியிட்டார்கள், இன்றும் ஆடுகிறார்கள்.

ஏன் ஆடுகிறார்கள்? அந்தப் பெண்ணின் தோளுக்குப் பின்னால் உட்கார்ந்து ஒரு மணி நேரம் பார்த்ததில் எனக்குத் தோன்றியது இது. அதில் எந்த வேலையும் வீண்போவதில்லை. குகையில் அடித்து வீழ்த்துவதற்குப் பதிலாக அரக்கனைப் பழக்கிவிட்டால் அவனே வந்து வயலுக்குத் தண்ணீர் பாய்ச்சுகிறான். விளைந்த காய் சமையலாகிச் சண்டைக்குத் தெம்பு தருகிறது. உழவும் போரும் ஒன்றுக்கொன்று தீனி. புயல் வந்து பயிரைச் சாய்ப்பதும் உண்டு, ஆனால் வட்டிக்காரர் வாசலுக்கு வருவதில்லை, கண்மாய் மடையில் முறைத்தண்ணீருக்குச் சண்டை இல்லை. சிவகங்கைச் சீமையில் வானம் பார்த்த பூமியை உழுதவர்கள் இதை விவசாயம் என்று ஒப்புக்கொள்ள மாட்டார்கள். விவசாயத்தின் நம்பிக்கையை மட்டும் வடித்தெடுத்துக் கவலையைக் கொட்டிவிட்ட ஒன்று என்று வேண்டுமானால் சொல்வார்கள். 2020இல் வந்த 'சக்குனா' என்ற ஜப்பானிய ஆட்டம் இதற்கு ஒரு விலக்கு. நாற்று இடைவெளி, நீர்மட்டம், களை என்று நெல் சாகுபடியை அது அவ்வளவு நுணுக்கமாக வைத்திருந்ததால், ஆடியவர்கள் ஐயம் தீர்க்க அந்நாட்டு வேளாண் அமைச்சகத்தின் குறிப்புகளையே புரட்டினார்கள்.

பல்லாங்குழிக்கு இப்படித் தொடக்க ஆண்டு சொல்ல முடியாது. கோயில் மண்டபத் தரைகளில் குடைந்து வைத்திருக்கும் குழிகள் எந்தக் காலத்தவை என்று அந்தக் கல்லே சொல்லாது. கோயில் கட்டப்பட்ட காலத்தை வைத்துக் குழிகளுக்கு வயது கற்பிப்பது தவறு என்பதையும் சொல்லிவிட வேண்டும், பிறகு வந்து உட்கார்ந்த எவரும் குடைந்திருக்கலாம். பரப்பு மட்டும் தெளிவு. கன்னடத்தில் அளகுளிமணெ, தெலுங்கில் வாமனகுண்டலு. இலங்கையில் ஒலிந்த கெளிய. ஒலிந்த என்றால் நம் குன்றிமணிதான், சித்திரைப் புத்தாண்டுக்கு அங்கே ஆடுவார்கள். மலேயாவில் சொங்காக், பிலிப்பைன்ஸில் சுங்கா. ஆப்பிரிக்கா நெடுகிலும் நூற்றுக்கணக்கான வகைகள். 1952இல் பலகை ஆட்டங்களின் வரலாற்றை எழுதிய எச். ஜே. ஆர். மர்ரே இவை அனைத்தையும் மன்கலா என்ற அரபுப் பெயரின்கீழ் ஒரே குடும்பமாக அடுக்கினார். ஆங்கிலத்தில் எழுதும் ஆய்வாளர்கள் காய் போடுவதை 'விதைத்தல்' என்கிறார்கள். நம் வீடுகளில் 'காய் போடு' என்பதோடு சரி.

விதைப்பு என்ற சொல் நம்மிடம் இல்லாவிட்டாலும் உழவுக்குடியின் சொற்கள் இந்த ஆட்டத்தில் ஒட்டிக்கொண்டிருக்கின்றன. போட்டுக்கொண்டே போகையில் ஒரு குழியில் காய் நான்காகிவிட்டால் அதற்குப் பெயர் 'பசு'. யார் முறையாக இருந்தாலும் குழிக்கு உடையவர் அதை எடுத்துக்கொள்ளலாம். எதிராளி மும்முரமாகப் போட்டுக்கொண்டிருக்கும்போது அவர் கையாலேயே உங்கள் குழியில் பசு பிறந்து, நீங்கள் சும்மா இருந்தபடியே அள்ளிக்கொள்கிற சுகம் இருக்கிறதே, அதற்காகவே பலர் ஆடுகிறார்கள் என்பது என் எண்ணம். ஆட்டம் ஒன்று முடிந்ததும் வென்றவர் தன் ஏழு குழிகளையும் ஐந்தைந்தாக நிரப்பி மிச்சத்தை மடியில் வைத்துக்கொள்வார். தோற்றவரால் எத்தனை குழி நிரப்ப முடிகிறதோ அத்தனைதான் அவருடைய நிலம். மற்றவற்றில் துரும்பைக் கிள்ளிப்போட்டுத் தரிசாக ஒதுக்கிவிடுவார்கள். ஒரு குழியைக்கூட நிரப்ப வழியில்லாதவர் குழிக்கு ஒரு காயாக வைத்து ஆடும் நிலைக்குக் 'கஞ்சி காய்ச்சுதல்' என்று பெயர். உலகத்தில் வேறெந்த ஆட்டமும் தோற்றவரின் நிலையை இவ்வளவு துல்லியமாகச் சமையலறையில் வைத்துச் சொல்லியிருக்குமா தெரியவில்லை.

இந்த இடத்தில்தான் தொ. பரமசிவன் கை வைத்தார். 'அறியப்படாத தமிழகம்' நூலில் பல்லாங்குழி பற்றி அவர் எழுதிய சிறு கட்டுரை, தமிழில் ஓர் ஆட்டத்தைச் சமூக ஆவணமாக வாசித்த முன்னோடி முயற்சிகளில் ஒன்று. இருவருக்கும் சமமாகப் பகிர்ந்த காய்களோடு தொடங்கி, ஒருவரை வெறுங்கையோடு நிறுத்தி முடிகிற அமைப்பை, பொதுவுடைமை குலைந்து தனிச்சொத்துரிமை பிறந்த கதையோடு அவர் சேர்த்துப் பார்த்தார். பாளையங்கோட்டைக்காரர் என்றாலும் சிவகங்கை மாவட்டத்துக்கு அவர் அந்நியர் அல்ல. இளையான்குடிக் கல்லூரியில் தமிழ் கற்பித்தவர். 2020 டிசம்பரில் மறைந்தார். அவர் வாசிப்பை நான் பாதிக்குமேல் ஏற்கிறேன். இரண்டாம் ஆட்டம் முதல் நடப்பதை அது சரியாகச் சொல்கிறது: இருப்பவரிடம் சேரும், இல்லாதவரிடமிருந்து போகும். ஆனால் ஒரு கைக்குள் நடப்பதை அது தொடவில்லை. உடைமை பெருகுவதற்கு முன்னால் உடைமையைக் கையிலிருந்து விட வேண்டியிருக்கிறது, அதுவும் எதிராளியின் குழியில். 36 என்ற அந்த எண் தொ.ப.வின் கதைக்குள் அடங்க மறுக்கிறது.

அடங்காததற்கு விளக்கம் தேட நான் வயலுக்குப் போகவில்லை, வட்டிக்கடைகள் நடந்த கிட்டங்கிக்குப் போனேன். செட்டிநாட்டு நகரத்தார் உழுதவர்கள் அல்லர். அவர்களுடைய வீட்டு ஆண்கள் கடல்கடந்து தொழில் செய்ய, அவர்கள் சொல்லில் 'கொண்டுவிக்க'ப் போனார்கள்: கொழும்பு, ரங்கூன், பினாங்கு, சிங்கப்பூர், சைகோன். பெட்டியடிப் பையனாகக் கப்பலேறி, அடுத்தாளாகி, மேலாளாகி, மூன்றாண்டுக் கணக்கு முடித்துத் திரும்புவார்கள். அங்கே அவர்கள் விதைத்தது பணம். கீழ்ப் பர்மாவின் ஐராவதி வடிநிலத்தில் காடழித்துக் கழனியாக்கிய பர்மியக் குடியானவருக்கு விதைக்கும் மாட்டுக்கும் கூலிக்கும் வேண்டிய கடனில் பெரும்பகுதி செட்டியார் கடைகளிலிருந்தே போனது. எதிராளியின் குழியில் காய் போடாமல் ஒரு தம்பிடி வட்டி வராது என்பதை அந்தக் கடைகள் அறிந்திருந்தன. அவர்கள் விரும்பியது காய் ஓடிக்கொண்டே இருப்பதைத்தான், குழியை அல்ல.

1930இல் நெல் விலை சரிந்தது, காய் ஓட்டம் நின்றது. கடன் வராத இடத்தில் ஈடு வந்தது. கீழ்ப் பர்மாவின் பதின்மூன்று முக்கிய நெல் மாவட்டங்களில் 1930இல் சாகுபடி நிலத்தில் நூற்றுக்கு ஆறு பங்கு செட்டியார்களிடம் இருந்தது. எட்டே ஆண்டில் அது இருபத்தைந்து பங்கானது. பல்லாங்குழியில் தோற்றவரின் குழிகளில் துரும்பு விழுகிற கட்டம் இது. வென்றவர்களுக்கும் அது வெற்றியாக இல்லை. உழத் தெரியாத, ஊரில் இல்லாத நிலக்காரர்களாக அவர்கள் மாட்டிக்கொண்டார்கள். பர்மியரின் கோபம் முழுக்க அவர்கள்மீது திரும்பியது. 1942இல் ஜப்பானியப் படை வந்தபோது பலர் கணக்குப் புத்தகத்தோடு கால்நடையாகத் திரும்பினார்கள். 1948இல் சுதந்திர பர்மா நில தேசியமயச் சட்டம் கொண்டுவந்தது. கானாடுகாத்தானிலும் பள்ளத்தூரிலும் தெருவுக்குத் தெரு நிற்கும் பர்மாத் தேக்குத் தூண்கள் அந்த ஆட்டத்தின் மிச்சக் காய்கள். எதிராளி முற்றிலும் வெறுங்கையானால் வென்றவருக்கும் ஆட யாரும் இல்லை என்பது பலகையில் தெரிவதைவிட செட்டியார் கடைகள் இருந்த ரங்கூன் மொகல் தெருவில் தெளிவாகத் தெரிந்திருக்கும்.

பல்லாங்குழியை இந்த வட்டித்தொழிலுக்கு உவமையாகச் செட்டிநாட்டார் நினைத்தார்கள் என்று நான் சொல்ல வரவில்லை. கடை ஆண்களுடையது, பலகை பெண்களுடையது. கணவன் மூன்றாண்டு அக்கரையில் இருக்க, ஒரே கூரையின்கீழ் தனித்தனி அடுப்பு வைத்து வாழ்ந்த, 'புள்ளி' எனும் சிறுகுடும்பங்களின் பெண்கள், வளவைச் சுற்றிய நடையில் மதியங்களைக் கழித்தார்கள். ஓரகத்திகள், நாத்தனார், அடுத்த வீட்டு ஆச்சி. தமிழ்நாடு நெடுக, பூப்பெய்தி ஒதுங்கியிருந்த பெண்ணுக்கும் வாயும் வயிறுமாக இருந்தவளுக்கும் துணையாக இந்தப் பலகை இருந்தது. துணைக்கு ஆளில்லாதவளுக்கும் ஒரு வகை உண்டு. தனியாக ஆடும் அதற்குச் 'சீதைப் பாண்டி' என்று பெயர், அசோகவனத்தில் சீதை ஆடியதாம். ஆண்களுக்குரிய சண்டைப் பங்கு இங்கே வேறிடத்தில் நடந்தது. தை மாதத்தில் சிராவயல் பொட்டலில் மஞ்சுவிரட்டு. திறந்த வெளியில் காளைகளை அவிழ்த்துவிடுவார்கள். ரூன் ஃபேக்டரியில் ஒரே ஆள் காலையில் உழுது மாலையில் வாளெடுக்கிறார். சிவகங்கைச் சீமையில் அந்த இரண்டையும் ஆணுக்கும் பெண்ணுக்கும் பிரித்துக் கொடுத்துவிட்டோம். ஒன்றுக்குக் கூட்டம் கூடும், இன்னொன்றை யாரும் பார்க்க மாட்டார்கள்.

பார்க்காமல் விட்டதை இப்போது பார்க்கிறோம், தவறான கண்ணோடு. காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் பழம்பொருள் கடைகளில் மீன் வடிவப் பலகை, கீல் வைத்து மடிக்கும் பலகை, பித்தளைப் பலகை எல்லாம் தொங்குகின்றன. வாங்குபவர்கள் சுவரில் மாட்டுவதற்காக வாங்குகிறார்கள். இன்னொரு பக்கம் பள்ளிக்கூடங்கள். கணக்கு வரும், விரலுக்குப் பயிற்சி, ஞாபகசக்தி வளரும் என்று மருந்துச்சீட்டு மாதிரி எழுதித் தருகிறார்கள். ஓர் ஆட்டத்தைக் கொல்ல இதைவிட நல்ல வழி இல்லை. அந்தப் பதின்மூன்று வயதுப் பெண்ணிடம் யாரும் டர்னிப் பயிரிட்டால் மூளை வளரும் என்று சொல்லவில்லை, அதனால்தான் அவள் பயிரிடுகிறாள்.

பழைய ஆட்டம் நிலைப்பதற்கு மரபு காரணமல்ல, ஆட்டம் நன்றாக இருப்பதே காரணம் என்பது என் முடிவு. பல்லாங்குழியில் தாயக்கட்டை இல்லை, மறைத்து வைத்த சீட்டு இல்லை, எல்லாக் காயும் கண்ணெதிரே கிடக்கின்றன. இருந்தும் அள்ளிப் போட்டு, மறுபடி அள்ளிப் போடும் ஓட்டத்தில் மூன்றாவது அள்ளலுக்கு மேல் மனக்கணக்கு தடுமாறுகிறது. முழுக்கத் தெரிந்த ஒன்று முழுக்கத் தெரியாததாக மாறும் இடம் அது. பழகிய கை அங்கே இன்னும் இரண்டு அள்ளல் தூரம் பார்க்கும். அந்த அப்பத்தா குழியை விரலால் அளைந்து எண்ண விடமாட்டார். "கண்ணால எண்ணு" என்பார். 2009இல் முகநூலில் வந்த 'ஃபார்ம்வில்' நினைவிருக்கிறதா? குறித்த நேரத்தில் திரும்பி வராவிட்டால் பயிர் வாடிவிடும் என்று மிரட்டி வேலை வாங்கியது. 2020இன் கடைசி நாளில் அதை மூடினார்கள், அத்தனை வயலும் போயிற்று. ரூன் ஃபேக்டரி அப்படி மிரட்டவில்லை, அதனால் பிழைத்தது. ஆனாலும் அதன் வயலில் எதிரே ஆள் இல்லை. நம் பலகையில் எதிரே இருப்பவர் நமக்கு உறவு, தோற்கடிக்க வேண்டியவர், நாமே காய் போட்டு வளர்க்க வேண்டியவர். மூன்றையும் ஒரே முகத்தில் வைத்த ஆட்டங்கள் அதிகமில்லை.

அன்று மின்சாரம் வரத் தாமதமானது, பேத்தியின் கருவியும் அணைந்துபோனது. அப்பத்தா பலகையை இறக்கினார். முதல் ஆட்டத்தில் பேத்தி தோற்றாள். இரண்டாவதில் அவள் வரிசையில் நான்கு துரும்பு. மூன்றாவதில் அப்பத்தாவின் கையாலேயே அவளுக்கு அடுத்தடுத்து இரண்டு பசு பிறந்தன. "எடுத்துக்கத்தா, ஓங் குழிதானே" என்றார் அவர், முகத்தில் எரிச்சலை மறைக்காமல்.

உங்கள் வீட்டுப் பலகை பரணில் இருந்தால் இறக்குங்கள். இல்லையென்றால் தரையில் கோலமாவால் பதினான்கு வட்டம் போதும், எழுபது புளியங்கொட்டை போதும். முதல் கைக்கு யோசிக்க வேண்டாம், எதை எடுத்தாலும் ஏழு. இரண்டாவது கையிலிருந்து கண்ணால் எண்ணுங்கள்.